எத்தனையாவது வரிசை வரைக்கும்

குளிர்சாதனப் பெட்டியின் மின்கம்பியை ஹல்வார் சுவரிலிருந்து பிடுங்கினார். முனகல் அடங்கியது. ஒலிப்பதிவு செய்ய வந்திருந்த சிஸ்ஸல் தன் கார்ச் சாவியை அதற்குள்ளே, பழுப்புப் பாலாடைக்கட்டியின் மேல் வைத்தாள்.

“சாவி இல்லாம நான் கிளம்ப முடியாதில்ல? எடுக்க வர்றப்போ ஞாபகமா கரண்டைப் போட்டுடுவேன். ஒருதடவை மறந்துபோய் ஒரு பாதிரியார் வீட்டு மீனையெல்லாம் நாற வெச்சேன்.”

“நானும் நாறுறதுக்குள்ள வாங்க ரெண்டு பேரும்!” என்றது படுக்கையறை.

ராக்னிலிடம் குரல் ஒன்றுதான் இன்னும் மெலியாமல் இருந்தது. பெர்கன் மீன் சந்தையில், அப்பாவின் கடையில் கூவிக் கூவித் திரண்ட குரல். நகரத்து நாடக அரங்கில் அவள் நாற்பது வருடம் நடித்தாள். முதுகைக் காட்டி நின்று பேசினாலும் மாடி இருக்கைவரை கேட்கும். முழங்கால் மேடையேற மறுத்த பிறகு சிஸ்ஸலின் ஆவணப்படங்களுக்குப் பின்னணி பேசினாள். ஆறு படம் முடிந்தது. ஏழாவது, மக்கள் காலிசெய்துவிட்டுப் போன ஒரு தீவைப் பற்றியது. அதில் கடைசி மூன்று வரி பாக்கி.

‘இன்னைக்கோ, நாளைக்கோ’ என்று காலையில் வந்த செவிலி ஹல்வாரிடம் சொல்லிவிட்டுப் போயிருந்தாள். அந்த மூன்று வரியையும் ராக்னில் சொல்லி முடிக்க வேண்டும். அவருக்கு இன்று வேறு எதுவும் வேண்டியிருக்கவில்லை.

“ஒரே தடவைதான் சொல்வேன்,” என்றாள் ராக்னில், கண்ணை மூடியபடி.

“மூணு வேணும் ராக்னில்,” என்றாள் சிஸ்ஸல்.

“ஒண்ணு.”

“சரி, ரெண்டு.”

“ஒண்ணுதான். அதுக்கே ஒரு வாஃபிள் சுட்டுத் தரணும், ஜாம் தடவி.”

“உங்களால முழுங்க முடியாதே?”

“திங்க யாருடி கேட்டா? வாசனைக்கு.”

ஹல்வார் வாஃபிள் சுட்டுக் கொண்டுவந்து தலைமாட்டில் வைத்தார். பிறகு பழக்கத்தில் தாளைக் கையில் எடுத்துக்கொண்டு கட்டிலோரம் உட்கார்ந்தார். அதே அரங்கில், மேடைக்கடியில் இருந்த பொந்தில் உட்கார்ந்து, நடிகர்கள் மறந்த வசனத்தைக் கிசுகிசுவென்று எடுத்துக்கொடுப்பதுதான் அவர் வேலை. முதல் வரிசைக்குக் கேட்டுவிட்டால் மானம் போயிற்று. சேர்ந்த புதிதில், ராக்னில் வேண்டுமென்றே விட்ட இடைவெளியை மறதி என்று நினைத்து வரியைக் கொடுத்துவிட்டார். திரை விழுந்ததும் பொந்துக்குள் ஒரு செருப்பு வந்து விழுந்தது.

“என் மௌனத்துல கை வெச்சே, தொலைச்சுடுவேன்!”

அடுத்த வசந்தத்தில் இருவருக்கும் கல்யாணம். அதன் பிறகு அவர் அவளுக்கு ஒரு வரிகூட எடுத்துக்கொடுத்ததில்லை. அவளும் பொந்துப் பக்கம் திரும்பியதில்லை.

சிஸ்ஸல் ஒலிவாங்கியை நீட்டி, காதுக்கருவியை மாட்டித் தலையசைத்தாள்.

“கடைசிப் படகு கிளம்பியது,” என்றாள் ராக்னில். ஜன்னலில் மழை. “கரையில் நின்று யாரும் கையசைக்கவில்லை…”

நிறுத்தினாள்.

ஹல்வார் மனதுக்குள் எண்ணினார். ஐந்து. ஒன்பது. இது அவளுடைய மௌனம். கை வைக்கக் கூடாது. பதினைந்து. தாளில் மிச்சமிருந்த வரியின் மேல் அவர் விரல் நின்றது.

ராக்னில் ஒரு கண்ணைத் திறந்தாள். அவர் பக்கம் திரும்பினாள்.

“யோவ்,” என்று உதடு மட்டும் அசைந்தது. “சொல்லேன்.”

அவர் குனிந்து கிசுகிசுத்தார்: “எல்லோரும் படகில் இருந்தார்கள்.”

அவள் உதட்டோரம் லேசாகச் சுருங்கியது. அவள் திருப்பிச் சொல்வதற்காக அவர் காத்திருந்தார். போர்வை ஒருமுறை ஏறி இறங்கியது. சிஸ்ஸல் காதுக்கருவியை இறுக்கிப் பிடித்துக் கேட்டாள். பிறகு மெல்லக் கழற்றி மடியில் வைத்தாள். அவள் முகத்தைப் பார்த்த பிறகுதான் ஹல்வார் போர்வையைப் பார்த்தார். அது அசையவில்லை.

மருத்துவர் வந்து தாளில் நேரத்தைக் குறித்துவிட்டுப் போனார். சிஸ்ஸல் மூக்கைச் சிந்திக்கொண்டு ஒலிக்கம்பியைச் சுருட்டினாள்.

“கடைசி வரி உங்க குரல்ல இருக்கு, ஹல்வார். வேணாம்னா வெட்டிடறேன்.”

அவர் சமையலறைக்குப் போனார். பெட்டியிலிருந்து சாவியை எடுத்து, பின்னாலேயே வந்தவளிடம் நீட்டினார். சில்லென்றிருந்தது.

“எத்தனையாவது வரிசை வரைக்கும் கேக்கும்?”

“கடைசி வரிசை வரைக்கும்.”

ஹல்வார் மின்கம்பியைச் சுவரில் செருகினார். பெட்டி மறுபடி முனகத் தொடங்கியது. தலைமாட்டிலிருந்த வாஃபிளை எடுத்துவந்து, இன்னொரு தட்டால் மூடி, உள்ளே வைத்தார்.