குத்தகைக்குப் போன ஞாயிறு

கசோம்பே நாட்டில் திங்கள், செவ்வாய், புதன் மூன்று நாளும் ஒரு சாரார் இருப்பார்கள். வியாழன், வெள்ளி, சனி மூன்று நாளும் இன்னொரு சாரார் இருப்பார்கள். தங்கள் நாள் இல்லாதபோது அவர்கள் உலகத்தில் எங்குமே இருக்கமாட்டார்கள்; ஞாயிறு மட்டும் எல்லாரும் இருப்பார்கள். முதிந்தா திங்கள்காரி. அவள் கணவன் கலூபா வியாழன்காரன். ஞாயிறு ஒரு நாள்தான் இரண்டு பேரும் ஒரே வீட்டில் ஒன்றாக இருப்பார்கள்.

இந்த ஏற்பாட்டைச் செய்தவர் வெள்ளைக்கார கவர்னர். இத்தனை ஜனத்துக்கும் இன்னொரு கிணறு வெட்டுவதைவிட ஜனத்தை இரண்டாகப் பிரிப்பது அவருக்குச் சுலபமாகப் பட்டது. ஆள் எழுதும் நாளில் குமாஸ்தா சாப்பிடப் போவதற்கு முன்னால் வரிசையில் வந்தவர்களைத் திங்கள்காரர்கள் என்று எழுதினார்கள். அவர் சாப்பிட்டுவிட்டு ஏப்பம் விட்டபடி திரும்பிய பிறகு வந்தவர்களை வியாழன்காரர்கள் என்று எழுதினார்கள். முதிந்தாவின் தாத்தா திங்கள். அவருக்கு அடுத்து நின்ற அவர் தம்பி வியாழன். அதற்குப் பிறகு அவர்கள் ஞாயிறுதோறும் தூரத்திலிருந்து கையாட்டிக்கொண்டார்கள். முப்பது வருஷத்தில் திங்கள்காரர்களுக்கு மூக்கு நீளம், வியாழன்காரர்களுக்கு முன்கோபம் என்று பள்ளிப் பாடத்திலேயே வந்துவிட்டது. அச்சில் வந்த பிறகு மூக்கும் கொஞ்சம் நீளத்தானே செய்யும்?

தபால் செவ்வாய்க்கிழமை வந்ததால் குமாஸ்தா வேலையெல்லாம் திங்கள்காரர்களுக்குப் போனது. பட்டாள லாரி வெள்ளிக்கிழமை வந்ததால் துப்பாக்கியெல்லாம் வியாழன்காரர்களுக்குப் போனது. ஞாயிறு மட்டும் கவர்னருக்குச் சொந்தம். செம்புப் பாளம் ஏற்றிய ரயில் அன்றைக்குத்தான் துறைமுகத்துக்குக் கிளம்பும். ஏற்றிவிட இரண்டு சாராரும் வரவேண்டும். அங்கேதான் ஒரு பாளத்தின் இரண்டு முனையையும் முதிந்தாவும் கலூபாவும் பிடித்தார்கள். பெட்டியில் இறக்கி வைத்த பிறகும் அவன் கையை எடுக்கவில்லை. அடுத்த ஞாயிறு வரை அவள் அதையே நினைத்துக்கொண்டிருந்தாள்.

பிறகு கவர்னர் கப்பலேறினார். கொடியை இறக்கினார், சாவியைக் கொடுத்தார், ஞாயிறு யாருக்கு என்று சொல்ல மறந்துவிட்டார். புது ஜனாதிபதி திங்கள்காரர். ஆகவே வியாழன் காலை விடிந்தால் நாட்டில் ஜனாதிபதியே கிடையாது. வியாழன்காரர்கள் இரண்டு வருஷம் பொறுத்தார்கள். அப்புறம் அவர்கள் தரப்பில் ஒரு தளபதி, ஞாயிறும் செம்பும் எங்களுக்குத்தான் என்றார். ஜனாதிபதி, இல்லை, எங்களுக்கு என்றார். சண்டை தொடங்கியது.

இரண்டு தரப்பும் சேர்ந்து இருப்பது ஞாயிறு மட்டும்தான் என்பதால் சண்டையும் ஞாயிறு மட்டும்தான். மற்ற நாளில் எதிராளியின் வீட்டைக் கொளுத்தலாமே என்று யாருக்கும் தோன்றாமல் இல்லை. ஆனால் எதிராளியின் வீடும் தன் வீடும் ஒன்று, கட்டிலும் ஒன்று. அதனால் திங்கள்காரர்கள் பதுங்குகுழி தோண்டினார்கள். வியாழன்காரர்கள் வந்து அதில் சோளம் விதைத்தார்கள்.

இதற்கு நடுவே முதிந்தாவுக்கு ஒரு ஞாயிற்றுக்கிழமை பெண் குழந்தை பிறந்தது. லுயாண்டோ என்று பெயர் வைத்தார்கள். இரண்டு சாராருக்கும் பிறந்தவள் என்பதால் ஞாயிறு மட்டும்தான் அவள் இருப்பாள். ஏழு நாள் வளர்ச்சியையும் அன்றைக்கே வளர்வாள், ஏழு நாள் பசியோடு வருவாள். சனிக்கிழமையே கலூபா பெரிய பானையில் சோளக்களி கிண்டி, கருவாட்டுக் குழம்பு வைத்து மூடிவிடுவான். ஞாயிறு காலை மூவரும் உட்கார்ந்து சாப்பிடுவார்கள். கலூபா பிள்ளையைக் கதவுநிலையோடு நிறுத்தி உச்சந்தலைக்கு நேரே கரியால் ஒரு கோடு போடுவான். பிறகு லுயாண்டோவைத் தானியக் குதிருக்குள் உட்காரவைத்துவிட்டு, அவன் துப்பாக்கியோடு இடது பக்கம் போவான், அவள் திங்கள் படைக்குத் தண்ணீர் சுமக்க வலது பக்கம் போவாள். கலூபா எப்போதும் ஒரே கரையான் புற்றைக் குறிபார்த்துச் சுடுவான். பத்து வருஷத்தில் அந்தப் புற்றில் மண்ணைவிட ஈயம்தான் அதிகம்.

லுயாண்டோவுக்கு எழுதப் படிக்கத் தெரியாது. ஞாயிற்றுக்கிழமை பள்ளிக்கூடம் கிடையாதே.

பதினோராவது வருஷம், ஒரு ஞாயிறு மாலை, கொடியில் காய்ந்த லுயாண்டோவின் கவுனில் குண்டு துளைத்திருந்தது. நெஞ்சுக்கு நேரே, விரல் நுழையும் அளவுக்கு. முதிந்தா அதைக் கணவனிடம் காட்டினாள்.

"உள்ள பிள்ளை இல்லாததால சரியாப் போச்சு" என்றாள்.

கலூபா அந்த ஓட்டைக்குள் விரலை விட்டபடியே உட்கார்ந்திருந்தான்.

அந்தச் செவ்வாய்க்கிழமை அதிகாரி ஒருவர் வந்தார். சமாதானம் தயார் என்றார். ஞாயிறு இருந்தால்தானே சண்டை? ஆகவே செம்பு வாங்கும் கம்பெனிக்கு ஞாயிற்றுக்கிழமையைத் தொண்ணூற்றொன்பது வருஷக் குத்தகைக்கு விட்டுவிடுவது, இரண்டு சாராருமே அன்றைக்கு இல்லாமல் இருப்பது. வீட்டுக்கு ஒரு கையெழுத்து போடவேண்டும்.

"ஞாயித்துக்கெழமைப் பிள்ளைங்க?" என்று கேட்டாள் முதிந்தா.

அதிகாரி காகிதத்தைப் புரட்டினார். "இருக்கும்மா. 'ஞாயிற்றுக்கிழமையில் உள்ள செம்பு, ரயில், பிள்ளைகள்'னு தெளிவாவே போட்டிருக்கு. அவங்க ஞாயித்துக்கெழமையோட போவாங்க. சுடுறதுக்கு அங்க யாரும் இருக்க மாட்டாங்க."

"சாப்பாடு?"

"அது இதுல இல்ல."

முதிந்தா கவுனை எடுத்துப் பார்த்தாள். கையெழுத்துப் போட்டாள்.

கடைசி ஞாயிற்றுக்கிழமை யாரும் சுடவில்லை. முதிந்தா மகளுக்கு அடுப்பு மூட்டக் கற்றுக்கொடுத்தாள். கலூபா கதவுநிலையில் கோடு போட்டுவிட்டு, கரித்துண்டை லுயாண்டோவின் கையில் கொடுத்தான்.

"இனிமே நீயே போட்டுக்கோ கண்ணு. தலையில கைய வெச்சுக்கிட்டு, கைக்கு நேரா."

"நீங்க பாப்பீங்களாப்பா?"

"நான் வியாழக்கெழமை பாப்பேன். அம்மா திங்கக்கெழமையே பாத்துருவா."

அதன் பிறகு முதிந்தாவுக்குப் புதன்கிழமை படுத்தால் விடிவது திங்கள்கிழமைதான். முதல் திங்கள் காலை எழுந்ததும் பானையைத்தான் பார்த்தாள். கழுவிக் கவிழ்த்து வைத்திருந்தது. குழம்புச் சட்டியின் அடியில் மட்டும் ஒரு கரண்டி மிச்சம் இருந்தது; நாக்கில் வைத்துப் பார்த்தாள். கதவுநிலையில் கோடு ஒரு நூலளவு ஏறியிருந்தது. அவள் அதன்மேல் கன்னத்தை வைத்துக்கொண்டு அழுதாள். புதன்கிழமை கணவனுக்கு ஒரு சீட்டு எழுதி வைத்தாள்: 'லுயாண்டோ அப்பா, பிள்ளை சாப்பிட்டிருக்கா. குழம்புல உப்பு கம்மி.' திங்கள்கிழமை பதில் இருந்தது: 'உப்பு போட்டுட்டேன். உன் தலையணையில உன் வாசம் கொறஞ்சுகிட்டே வருது. எண்ணெய் தேச்சுக்கோ.' அவள் அன்றைக்கே எண்ணெய் தேய்த்துக்கொண்டு, மூன்று நாளும் தலையணையை விட்டு அதிகம் நகரவில்லை.

இப்படியே நாள் போனது. புற்றிலிருந்த ஈயத்தை உருக்கி யாரோ மீன்வலைக்குக் கட்டும் குண்டு செய்தார்கள். ரயில் ஓடிக்கொண்டிருந்தது என்பது திங்கள்கிழமை தண்டவாளம் பளபளப்பதிலிருந்து தெரிந்தது. முதிந்தா கவுனின் மடிப்பைப் பிரித்துப் பிரித்து நீளமாக்கிக் கொடியில் போட்டுவிட்டுப் போவாள். திரும்பி வரும்போது பழையது துவைத்துக் காய்ந்துகொண்டிருக்கும். கோடு அவள் தோளைத் தாண்டியது, காதைத் தாண்டியது, அவளைவிட நான்கு விரல் உயரத்தில் நின்றுவிட்டது. கலூபாவின் அம்மா வழி உயரம். அந்த உயரத்தில் மகளுக்கு முகம் எப்படி இருக்கும் என்று அவள் எத்தனையோ புதன்கிழமைகள் யோசித்தாள். குரல்கூட மாறியிருக்கும். அதற்கு மேல் கோடு ஏறவில்லை. ஆனாலும் வாரத்துக்கு ஒருமுறை கரி அதே இடத்தில் புதிதாகத் தீட்டியிருந்தது.

ஒரு திங்கள்கிழமை எழுந்து வந்தபோது பெரிய பானைக்குப் பக்கத்தில் ஒரு சின்னக் கிண்ணமும் கழுவிக் கவிழ்த்திருந்தது. கதவுநிலையில் மேலே வழக்கமான கோடு. கீழே, முதிந்தாவின் முழங்காலுக்குச் சற்று மேலே, இன்னொரு கோடு. அது ஒரே சீராக இல்லை. சின்னப் பிள்ளை, நிற்காமல் ஆடியிருக்க வேண்டும்.

முதிந்தா உட்கார்ந்து சாண் வைத்து அளந்தாள். பெட்டியைத் திறந்து, நெஞ்சில் ஒட்டுப்போட்ட அந்தப் பழைய கவுனை எடுத்து, சின்னதாக வெட்டித் தைக்கத் தொடங்கினாள். புதன்கிழமை தைத்து முடித்துக் கொடியில் போட்டாள். பிறகு சீட்டு எழுதினாள்.

'லுயாண்டோ அப்பா, சனிக்கெழமை களிய ஒரு பக்கம் தனியா, கொழைவா கிண்டி வைங்க. பல்லு இப்பதான் மொளைக்குது போல.'