வேல்குமார் சொன்னது

"இவருக்கு நல்லது கெட்டது தெரியுமாம்மா?" என்று கலெக்டர் ஆபீஸ் அதிகாரி கேட்டது வேல்குமாரைப் பார்த்து அல்ல, பக்கத்தில் உட்கார்ந்திருந்த அவன் தங்கை ஜெயபாரதியைப் பார்த்து.

பிறந்தபோதே மூச்சுத் திணறி அவனுக்குக் கைகாலும் நாக்கும் இழுத்துக்கொண்டன. புத்திக்கு ஒரு குறையும் இல்லை. அருள்புரத்துப் பனியன் கம்பெனியில் ஆறு வருஷமாகக் கம்ப்யூட்டரில் டிசைன் போடுகிறான். வெளிநாட்டுக் குழந்தைகளின் சட்டையில் சிரிக்கிற யானையும் முயலும் அவன் வரைந்தவை. ஜெயபாரதிக்குப் பத்தாவது கணக்குச் சொல்லிக்கொடுத்ததும் அவன்தான். பேச்சு மட்டும் உடைந்து உடைந்து வரும். காத்திருந்து கேட்டால் புரியும். யாரும் காத்திருப்பதில்லை.

இனிச் சம்பளம் பேங்கில்தான் என்று கம்பெனி சொல்லிவிட்டது. கணக்குத் தொடங்கப் போனபோது பேங்க் மேனேஜர் அவன் வாயோரத்து எச்சிலைப் பார்த்துவிட்டு, "இவங்களப் பாதுகாக்கறதுக்குச் சட்டமே இருக்குதுங்க. கார்டியன் சர்டிபிகேட் வாங்கிட்டு வாங்க," என்றார். வேண்டாம், மேலிடத்துக்கு எழுதிக் கேட்கலாம் என்று வேல்குமார் ஒரு வாரம் மன்றாடினான். ஜெயபாரதி அவனுக்குத் தெரியாமலே மனுப் போட்டாள். இன்று பஸ்ஸில் வைத்துத்தான் சொன்னாள். "நாலு தரம் லீவு போட்டு அலஞ்சாச்சுங்ணா. ஒரு காயிதந்தான? அதுல என்ன இருக்குது?"

அதில் இருந்ததைத்தான் இப்போது அதிகாரி வாசித்துக்கொண்டிருந்தார். இவர் எங்கே இருப்பது, இவர் சொத்து, வரவு செலவு எல்லாம் இனித் தங்கையின் பொறுப்பு. இருபத்தொன்பது வயது ஆள் எதிரே உட்கார்ந்திருக்க, மேசை நாற்காலியை மாற்றிவிடுவதுபோல அவனைக் கைமாற்றிக்கொண்டிருந்தார்கள். வேல்குமாருக்கு ஆத்திரம் பொங்கியது. ஆத்திரப்பட்டால் இன்னும் குழறும். மூச்சைப் பிடித்து ஒவ்வொரு சொல்லாக வெளியே தள்ளினான்.

"எனக்கு... யாரும்... வேண்டாமுங்க. நானே... கையெழுத்து... போட்டுக்குவேன்."

"என்னம்மா சொல்றாரு?"

அவன் பேச்சில் ஒரு சொல்கூட ஜெயபாரதிக்குத் தப்பாது. தரையைப் பார்த்துக்கொண்டு சொன்னாள்:

"சரிங்கறாருங்க."

வேல்குமார் அவளையே பார்த்தான். அவள் நிமிரவில்லை.

கிளார்க் மைப்பெட்டியோடு வந்து அவன் இடது கையைப் பிடித்தார். வேல்குமார் கையை இறுக மூடிக்கொண்டான். கிளார்க் விரல்களைப் பிரிக்கப் பார்த்தார், முடியவில்லை. பியூனும் வந்து பிடித்தார்.

"வலிப்புப் போல இருக்குதே," என்று அதிகாரி எழுந்தார்.

"இல்லீங்க," என்றாள் ஜெயபாரதி. குரலே எழும்பவில்லை. பிறகு அவளும் குனிந்து அந்த முஷ்டியின்மேல் கை வைத்தாள். "அண்ணா... உடுங்ணா."

அவன் விடவில்லை. மூன்று பேர் கையிலும் மை அப்பிக்கொண்டது. அவன் கட்டைவிரல் மட்டும் உள்ளங்கைக்குள், ஒரு பொட்டு மை படாமல் இருந்தது.