நூற்றுப் பன்னிரண்டாவது கடிதம்

1

ஐரோப்பாவின் அமைதி ஒரு காலத்தில் டன்மியர் பிரபு என்ற ஒரே மனிதரின் தோள்மீது நின்றது.

இந்த வாக்கியம் என்னுடையதல்ல. பிரபுவின் தங்கை லேடி அகஸ்டா எழுதிக் கொடுத்து, இதில்தான் தொடங்க வேண்டும் என்று சொல்லிவிட்டார். எந்த வருடம், எந்த மாதம் என்று நானும் தேடிப் பார்த்தேன். முப்பத்தைந்து வருடம் பிரபுவின் அந்தரங்கச் செயலாளராக இருந்தவன் நான். அப்படியொரு சுமை அந்தத் தோளில் ஏறியிருந்தால், மேல்கோட்டைத் தூக்கிக்கொண்டு பின்னால் நடந்த எனக்குத் தெரியாமல் போயிருக்காது.

பிரபு போன வசந்தத்தில் காலமானார். அவர் அந்தஸ்தில் ஒருவர் இறந்தால் எங்கள் ஊரில் மூன்று தொகுதிகளில் வாழ்க்கை வரலாறு வர வேண்டும். இரண்டோடு நிறுத்தினால், எதையோ மறைக்கிறார்கள் என்று பேச்சு வரும். அந்த மூன்று தொகுதிகளை எழுத என்னை அமர்த்தியிருக்கிறார்கள். நீங்கள் படிப்பது அதுவல்ல. அதை எழுத உட்கார்ந்து, எழுத முடியாதபோதெல்லாம் பக்கத்தில் கிடந்த தாள்களில் எழுதியது இது.

2

தொடக்கம், இரண்டாவது முயற்சி:

“1863ஆம் ஆண்டு இலையுதிர் காலத்தில், ஹோஹென்ரீட் என்ற ஜெர்மன் சிற்றரசில் நம் தூதராக இருந்த பிரபு, நாட்டின் கௌரவத்தைக் காக்கும் கடும் போராட்டம் ஒன்றில்—”

[இங்கே பேனாவை வைத்துவிட்டேன். போராட்டம் இதுதான்: அரண்மனை விருந்துக்கு வரிசையாகப் போகும்போது முன்னால் நடப்பவர் பிரபுவா, பக்கத்துச் சிற்றரசின் தூதரா? முந்தி வந்தவர் முன்னால் நடப்பது முறை; அந்த மனிதர் நான்கு நாள் முந்தி வந்தவர். ஆனால் அவருடைய நியமனப் பத்திரத்தில் முத்திரை கோணலாக விழுந்திருந்தது. இதை வைத்து மூன்று வாரம் பேச்சுவார்த்தை நடத்தினோம்.]

மூன்றாவது முயற்சி:

“பிரபுவுக்கு ஒரு மகள் இருந்தாள்.”

இதை நான் அடிக்கவில்லை. லேடி அகஸ்டா அடித்தார். அவருக்கு எழுபத்தெட்டு வயது. கண்ணாடி இல்லாமலே அடிக்கிறார்.

“வின்னியப் பத்தி ஒரு வரி போதும், கிரிம்ஷா. ‘இளமையில் பேரிழப்பைச் சந்தித்தார்’னு போடு.”

“யாரை இழந்தார்னு படிக்கிறவங்க கேப்பாங்களே, அம்மணி.”

“மூணு தொகுதியையும் யாரு படிக்கப் போறா? சும்மா எழுது.”

3

வின்னியை ஒரு பாத்திரமாக்க எனக்குத் தெரியவில்லை. அவளை நான் பார்த்ததே நான்கு முறை. தாய் பிரசவத்திலேயே போய்விட்டாள். தந்தை வெளிநாட்டில். டன்மியர் மாளிகையில் அத்தை லேடி அகஸ்டாவின் நிர்வாகத்தில், வீட்டோடு தங்கிப் பாடம் சொல்லிக் கொடுத்த மிஸ் ஆர்டனின் கையில் வளர்ந்தாள். சுருள் முடி, நீல நாடா என்று எழுதிப் பார்த்தேன். பிஸ்கட் டப்பா மூடியில் இருக்கும் குழந்தை மாதிரி வந்தது. அடித்துவிட்டேன்.

நினைவில் நிற்பது ஒன்றுதான். அவளுக்கு ஒன்பது வயது. கோடை விடுமுறைக்குப் பிரபுவோடு நானும் போயிருந்தேன். படிக்கட்டில் என்னை வழிமறித்தாள்.

“அப்பாவோட கடிதமெல்லாம் நீங்கதான் எழுதறீங்களா?”

“ஆமாம். அவர் கையெழுத்துப் போடுவாரு.”

“எனக்கு வர்றதும்?”

நான் என்ன பதில் சொன்னேன் என்று நினைவில்லை.*

* நினைவிருக்கிறது. “கையெழுத்து அவரோடதுதான்” என்று சொன்னேன். அவள், “பூனைக்குட்டியப் பத்தி நீங்க கேட்டிருந்தது நல்லா இருந்துச்சு” என்று நன்றி சொன்னாள்.

4

1863இன் அந்த இலையுதிர் காலத்தில் பிரபுவின் பெரியப்பா, கிழ டியூக், இறந்தார். தொண்ணூற்றொரு வயது; யாருக்கும் பெரிய வருத்தமில்லை. ஆனால் டியூக் டியூக்தான். குடும்பம் முழுவதும் ஒரு வருடத்துக்குக் கறுப்புக் கரை போட்ட தாளில்தான் கடிதம் எழுத வேண்டும். சமையல்காரி இறைச்சிக்கடைக்கு அனுப்பும் சீட்டுக்கூடக் கறுப்புக் கரையோடுதான் போயிற்று.

ஹோஹென்ரீடுக்கு ஒரே தபால் பையில் நூற்றுப் பன்னிரண்டு கடிதங்கள் வந்தன. எல்லாவற்றுக்கும் கறுப்புக் கரை; இரங்கல் சொல்பவர்களும் அந்த மாதிரித் தாளில்தான் எழுதுவார்கள். இரங்கல் கடிதத்தைச் செயலாளர் பிரிக்கக் கூடாது. அது குடும்பத்தின் துக்கம். பிரபுவே பிரித்து, தன் கைப்படப் பதில் எழுத வேண்டும். ஒருவருக்குப் பதிலை முடிக்காமல் அடுத்தவர் உறையைக் கிழிப்பது மரியாதையில்லை. அடுக்கும் பதவி வரிசையில்தான்: மேலே டியூக்குகள், அப்புறம் மார்க்விஸ்கள், ஏர்ல்கள், இப்படியே இறங்கி, பட்டம் இல்லாதவர்கள் அடியில். ஒரு நாளைக்குப் பன்னிரண்டு. மிச்ச நேரம் அரண்மனை வரிசைக்கான போராட்டம்.

உறைகளை அடுக்கியது ஒரு குமாஸ்தா—

[இல்லை.]

உறைகளை அடுக்கியது தூதரகத்தில் யாரோ ஓர் இளம்—

[இதுவும் இல்லை.]

உறைகளை அடுக்கியவன் நான். அரக்கு முத்திரைகளைப் பார்த்து, மடிப்புக் கலையாமல், அரைநாளில் முடித்தேன். பதவி விலகிய பிஷப் ஒருவரை எங்கே வைப்பது என்பதில்தான் சந்தேகம் வந்தது. கடைசி உறையில் முத்திரையே இல்லை, வெறும் அரக்கு. எழுத்து எனக்குத் தெரிந்ததுதான். பாவம், மிஸ் ஆர்டனும் டியூக்குக்கு இரங்கல் எழுதியிருக்கிறாள் என்று நினைத்து அடியில் வைத்தேன்.

5

கடிதங்கள் வந்த ஒன்பதாம் நாள் மாலை, அரண்மனை வரிசைப் போராட்டத்தில் பிரபு வென்றார். பக்கத்துச் சிற்றரசின் தூதர் அவருக்குப் பின்னால் நடந்தார். மறுநாள் காலை, மிச்சமிருந்த கடிதங்களுக்கு உற்சாகமாகவே உட்கார்ந்தார். கடைசி உறைக்கு வந்தபோது காப்பி ஆறியிருந்தது.

கடிதம் சிறியது. அதை அப்படியே தருகிறேன். அகஸ்டா அம்மணி கண்ணில் படாமல் வைத்திருக்கிறேன்.

“மதிப்புக்குரிய பிரபு அவர்களுக்கு, வின்னிக்குத் தொண்டைக் காய்ச்சல். மருத்துவர் நம்பிக்கையாகப் பேசவில்லை. தினமும் உங்களைக் கேட்கிறாள். இன்றே புறப்பட்டால் நல்லது. அனுமதியின்றி எழுதுவதற்கு மன்னிக்கவும்.”

பிரபு இரண்டு முறை படித்தார். பிறகு தேதியைப் பார்த்தார்.

“இது எப்ப வந்துச்சு, கிரிம்ஷா?”

“பத்து நாளாச்சு, பிரபு.”

“எங்க இருந்துச்சு?”

“அடியில.”

என்னைத் திட்டுவார் என்று காத்திருந்தேன். திட்டியிருந்தால் இந்தக் கதை இவ்வளவு நீளம் வந்திருக்காது. அவர் தலையசைத்து, “ஆமா, அங்கதான் இருக்கணும்,” என்றார். அடுக்கில் தவறு எதுவுமில்லை. அதுதான் எங்கள் இருவருக்கும் தாங்க முடியாததாக இருந்தது.

6

ரயில், கப்பல், மறுபடி ரயில். மூன்று நாள். வழியில் பிரபு பேசியது ஒரே வாக்கியம்: குழந்தைகள் காய்ச்சலைச் சீக்கிரம் உதறிவிடுவார்கள் என்று யாரோ மருத்துவர் சொன்னதாக. எந்த மருத்துவர் என்று நான் கேட்கவில்லை.

வின்னியைப் புதைத்த மறுநாள் போய்ச் சேர்ந்தோம். கடிதம் வந்த அன்றே பிரித்திருந்தால் அவளோடு ஐந்து நாள் இருந்திருக்கலாம்.

ஏன் தந்தி கொடுக்கவில்லை என்று தங்கையிடம் கேட்டார். லேடி அகஸ்டா அப்போதும் நிமிர்ந்துதான் உட்கார்ந்திருந்தார். “தந்திய வழியில எத்தன குமாஸ்தா படிப்பான் தெரியுமா? நம்ம வீட்டுச் சங்கதி அவனுக்கு எதுக்கு?” என்றார். சொல்லி முடிக்கும்போது கையிலிருந்த கைக்குட்டையைத் தப்பான பக்கம் மடித்துக்கொண்டிருந்தார். அதை வேறு எப்போதும் நான் பார்த்ததில்லை.

மிஸ் ஆர்டன் பாடம் நடந்த அறையில் புத்தகங்களைக் கட்டிக்கொண்டிருந்தாள்.

“வண்டிச் சத்தம் கேட்டாலே எந்திரிச்சு உக்காந்துக்கும், பிரபு,” என்றாள். “பால் வண்டிக்குக்கூட. கடிதம் போயிருக்கும், வந்துட்டே இருப்பாருன்னு நாந்தான் சொல்லிக்கிட்டிருந்தேன்.”

பிரபு வாசலைத் தாண்டி உள்ளே வரவில்லை. வெளிநாட்டு மன்னர்களிடம் நான்கு மொழிகளில் பேசியவர்.

“உங்க கடிதத்துக்கு நான் பதில் எழுதியிருக்கணும்,” என்றார்.

7

பிறகு முப்பத்தொரு வருடம் வாழ்ந்தார். பதினொரு மாதம் அமைச்சராக இருந்தார். பிரபுக்கள் சபையில் ஐந்து முறை பேசினார். நான்கு முறை சாலைகளைப் பற்றி. கடைசிவரை தபால் வந்ததும் எல்லா உறைகளையும் தானே உடனே கிழித்துக் குவித்துவிடுவார். ராணியின் கடிதம், தையற்காரர் கடிதம் என்ற வித்தியாசமில்லை. மேசை குப்பையாகிவிட்டதே என்று லேடி அகஸ்டா குறைப்பட்டுக்கொள்வார்.

இதற்கு முடிவு வேண்டுமென்றால் என்னிடம் மூன்று இருக்கின்றன. முதலாவதில் நான் அந்த உறையை மேலே வைக்கிறேன். பால் வண்டிக்குப் பின்னால் பிரபுவின் வண்டி வருகிறது. இதை எழுதும்போதெல்லாம் நன்றாக வருகிறது, அதனால் நம்புவதில்லை. இரண்டாவது, லேடி அகஸ்டாவுடையது: கடமை பிரபுவை அங்கேயே நிறுத்தி வைத்தது. மூன்றாவதில் பிரபு என்னை மன்னிக்கிறார். அதற்கு அவர் முதலில் கோபப்பட்டிருக்க வேண்டும்.

எதையும் நான் எழுதப்போவதில்லை. நீங்கள் எடுத்துக்கொள்ளுங்கள்.

புத்தகத்தில், சண்டை போட்டு, ஒரு வரி மட்டும் வாங்கினேன்: “மிஸ் ஆர்டனின் கடிதத்தைப் படித்ததும் பிரபு புறப்பட்டார்.” அதில் பொய் எதுவுமில்லை.

மூன்றாம் தொகுதி போன வாரம் அச்சுக்குப் போய்விட்டது. அதன் கடைசியில் உள்ள பெயர்ப்பட்டியல் முழுக்க என் வேலை, யாரும் தலையிடவில்லை. அதை நான் பதவி வரிசையில் போட்டிருக்கிறேன். மிஸ் ஆர்டன் கடைசியில் இருக்கிறாள்.