ரஷீதின் புது வசனங்கள்

காலையில் ரஷீது சொன்ன வசனத்துக்குப் படப்பிடிப்பில் இருந்த அத்தனை பேரும் கை தட்டினார்கள். அவர் மனைவி சகீலா மட்டும் தட்டவில்லை. அவள் கையில் சாயா டம்ளர் இருந்ததால் யாரும் அதைக் கவனிக்கவில்லை.

கதவைத் தட்டுகிற காட்சி அது. மிளகுக் கிட்டங்கியில் ஆயுசு முழுக்க எடை போட்ட காதர் பாவா, வேலை போன பிறகு மகள் வீட்டு வாசலில் மழையில் வந்து நிற்கிறார். மகள் கதவைத் திறக்கிறாள். "மழை விடுற வரைக்கும் இருந்துக்கிறேன் மோளே" என்று அவர் சொல்ல வேண்டும். அவ்வளவுதான் வசனம். மேடையில் நாடகமாகப் போட்ட காலத்தில் அந்த ஒரு வரிக்குப் பாலக்காட்டிலும் திருப்பூரிலும் ஜனங்கள் மூக்கை உறிஞ்சியிருக்கிறார்கள். இன்றைக்குக் கதவு திறந்ததும் ரஷீது மகளாக நின்ற பெண்ணைக் கொஞ்ச நேரம் பார்த்தபடியே இருந்தார். பிறகு, "உன் உம்மா இருந்திருந்தா நான் இந்தக் கதவத் தட்டியிருக்க மாட்டேன்" என்றார்.

"இதெல்லாம் எங்கேருந்து இக்கா வருது உங்களுக்கு?" என்றான் ஒளிப்பதிவாளன் சேவியர். கேமராவிலிருந்து கண்ணை எடுத்தவன் கண்ணைத் துடைத்துக்கொண்டான்.

"வரும்டா, அது பாட்டுக்கு வரும்" என்று சொல்லி ரஷீது துண்டால் தலையைத் துவட்டினார். நல்ல வரி ஒன்று விழுந்துவிட்டால் அவர் முதலில் சகீலாவைத்தான் திரும்பிப் பார்ப்பார். கல்யாணமான நாள் முதல் அதுதான் பழக்கம். இன்றைக்கு வேறு பக்கம் பார்த்தார்.

ரஷீது யார் என்று மட்டாஞ்சேரியில் கேட்டால் ஆளுக்கொரு பதில் வரும். சுமைத் தொழிலாளர் சங்கத்துக்காரர்கள், எங்க நாடகக்காரன் என்பார்கள். வருஷா வருஷம் சங்க விழாவுக்கு அவர் எழுதி நடித்துத் தந்த நாடகங்கள் அப்படி. தேவராவில் காலேஜ் பிள்ளைகள் டைரக்டர் என்பார்கள். எடுத்தது இரண்டே படம், இரண்டும் தியேட்டர் பக்கம் வராமல் விழாக்களில் மட்டும் ஓடின. மீன் மார்க்கெட்டில் கேட்டால், சினிமாவில் போலீஸ்காரனாக வந்து அடி வாங்குவாரே அவர்தானே என்பார்கள். உண்மையைச் சொன்னால் அந்த அடி வாங்குகிற வேலையில்தான் வீடு ஓடியது. இது மூன்றாவது படம். எழுத்தும் அவர், இயக்கமும் அவர், காதர் பாவாவும் அவர். இதை எடுக்க அவர் ஏறி இறங்காத படி இல்லை, எத்தனையோ பேர் முகம் கொடுத்தே பேசவில்லை. இது முடிந்தால்தான் என்னைச் சினிமாக்காரன் என்று நானே ஒப்புக்கொள்வேன் என்று அவர் சொல்லிக்கொண்டிருந்தார்.

ரஷீது நாடகம் போடுவது தமிழில். ஆனால் அவருக்குத் தமிழ் பேச வரும், எழுத வராது. படித்தது முழுக்க மலையாளம். பொள்ளாச்சியிலிருந்து வாக்கப்பட்டு வந்த சகீலாவுக்குத் தமிழ் எழுத வரும். அதனால் அவர் நடந்துகொண்டே சொல்வார், அவள் எழுதுவாள். அவருடைய நாடகங்களில் அவள் கை வழியாகப் போகாத சொல் ஒன்றுகூடக் கிடையாது. அவர் ஒரு வரியை மாற்றுகிற லட்சணமும் அவளுக்குத் தெரியும். வீடே ரெண்டுபடும். சோற்றுத் தட்டைத் தள்ளிவைப்பார். "காதர் பாவா வாயில இந்தப் பேச்சு வருமா? உங்க வாப்பா சொல்லுவாரா இப்படி?" என்று அவளை உலுக்குவார். அடிக்கச் சொல்வார், அடித்ததைத் திரும்ப எழுதச் சொல்வார். அந்த மழை வரி கிடைக்கவே ஒரு மழைக்காலம் முழுசாகப் போயிற்று. அப்படிப்பட்ட மனுஷன் கதவு திறக்கிற நேரத்துக்குள் அதைத் தூக்கிப் போட்டுவிட்டு வேறொன்று சொல்கிறார் என்றால் அது திருத்தம் இல்லை. அவருக்கு வரி மறந்துபோயிற்று.

வேறு நடிகன் மறந்திருந்தால் நாலு பேர் பல்லைக் கடித்திருப்பார்கள். மறந்தவரே எழுதியவராகவும் இயக்குபவராகவும் இருந்தால் யார் கேட்பது? அவர் வாயிலிருந்து எது வந்தாலும் அதுதான் வசனம். களமசேரியில் சினிமாப் படிப்பு முடித்துவிட்டு வந்திருந்த ஸாதனா, ஒவ்வொரு ஷாட்டிலும் யார் என்ன சொன்னார்கள் என்று குறித்துவைக்கிற பெண், பழைய வரியைப் பக்தியோடு அடித்துவிட்டுப் புதியதை எழுதிக்கொள்வாள். முதல் நாள் ஒரு வரி மாறியது. அடுத்தடுத்த நாட்களில் அரைக் காட்சி மாறியது. "சார் இன்னிக்கு என்ன மாத்தப் போறார்னு காலையிலேர்ந்து ஆசையா இருக்கு இத்தா" என்று ஸாதனா சகீலாவிடமே வந்து சொன்னாள். சகீலாவுக்கு அந்தப் பெண்ணை ஓங்கி ஒன்று போடலாமா என்றிருந்தது.

நோன்பு சமயத்தில்தான் அவளுக்கு முதலில் உறைத்தது. திருப்பூணித்துறைக்கு ஒரு கூட்டத்துக்குப் போனவர் மெட்ரோவில் எதிர்ப்பக்கம் ஏறி ஆலுவா வரைக்கும் போய்விட்டு, நோன்பு திறக்கிற நேரம் தாண்டி வந்து சேர்ந்தார். கேட்டதற்கு, "வண்டியில ஒருத்தன் உட்கார்ந்திருந்தான், அவன் முகத்த விட்டுட்டு இறங்க மனசு வரல, ஒரு கேரக்டர் கிடைச்சுது" என்றார். அவளும் சிரித்தாள். எழுதுகிறவனுக்கு இது ஒரு சௌகரியம், எந்தக் கோணல் காரியத்துக்கும் கதை என்று ஒரு காரணம் சொல்லிவிடலாம். அப்புறம் தம்பி மகள் பேரைக் கேட்டுக் கேட்டு விளையாடுவதுபோல் நடித்தார். பால் வாங்கப் போய் வெறுங்கையோடு வந்து கடைக்காரனை நடித்துக் காட்டினார். ஒவ்வொரு தடவையும் வீட்டில் சிரிப்புதான். சிரித்துவிட்டு அடுக்களைக்குள் போனதும் சகீலா அன்றைக்கு அவர் மறந்தது எத்தனை என்று விரல் விட்டு எண்ணுவாள்.

வாய் திறந்து கேட்கவில்லை. கேட்டால் அது நிஜமாகிவிடும் என்று பயந்தாள். படம் முடியட்டும் என்று தனக்குத்தானே தவணை சொன்னாள். சொல்லிவிட்டால் படம் நிற்கும், அப்புறம் எவனும் அவரைக் கூப்பிடமாட்டான், அடி வாங்குகிற போலீஸ்காரனாகக்கூட. சொல்லாவிட்டால் என்றைக்காவது எல்லோர் முன்னாலும் அவர் அசிங்கப்பட்டு நிற்பார். மருத்துவரிடம் போக வேண்டிய நாட்களும் போய்க்கொண்டே இருக்கும். இரண்டில் எது பெரிய துரோகம் என்று அவளுக்குத் தெரியவில்லை.

மதியச் சாப்பாட்டுக்கு அவர் தட்டோடு அவள் பக்கத்தில் வந்து உட்கார்ந்தார். மீன் குழம்பைப் பிசைந்துகொண்டே, "காலையில அது நல்லா இருந்துச்சுல்ல?" என்று கேட்டார். எழுதினது நல்லா இருக்கா என்று அவர் கேட்டதே கிடையாது. நல்லா இருக்கு என்று அவரே சொல்லுவார்.

"நல்லா இருந்துச்சுங்க" என்றாள் சகீலா. சொன்ன நாக்கை அறுத்துப் போடலாம் போல இருந்தது.

சாப்பாட்டுக்குப் பிறகு கேமராவைப் பக்கத்தில் கொண்டுபோய் அதே காட்சியைத் திரும்ப எடுக்க வேண்டும். இங்கேதான் சினிமா நாடகத்தைப் போல இல்லை. மேடையில் ஒன்றை மறந்து இன்னொன்றைச் சொன்னால் அந்த ராத்திரியோடு அது போச்சு. சினிமாவில் தூரத்திலிருந்து எடுத்தபோது சொன்ன அதே சொல்லை, அதே கையசைவோடு, முகத்துக்குப் பக்கத்தில் கேமராவை வைத்துக்கொண்டு திரும்பச் சொல்ல வேண்டும். இல்லாவிட்டால் வெட்டி ஒட்ட முடியாது. ரஷீதுக்கு அது தெரியாமல் இல்லை. கேமராவை நகர்த்தி முடிக்கும் வரை வாசற்படியில் நின்று உதட்டை அசைத்துக்கொண்டே இருந்தார்.

குழாயைத் திறந்துவிட்டு மழை பெய்வித்தார்கள். ரஷீதே "ஆக்‌ஷன்" சொல்லி, ரஷீதே கதவைத் தட்டினார். மகளாக நடித்த நௌஷிதா திறந்தாள்.

"உனக்குத் தொந்தரவு கொடுக்கணும்னு வரல மோளே" என்றார். பிறகு அவரே "கட்" என்றார்.

"இதுவும் நல்லாத்தான் இருக்கு இக்கா" என்றான் சேவியர். "ஆனா காலையில சொன்னதுதான் வேணும். அப்பத்தான் சேரும்."

"தெரியும்டா. இப்பச் சொல்றேன் பாரு."

அடுத்த தடவை உம்மா என்று ஆரம்பித்து நடுவில் நின்றார். அதற்கடுத்து ஸாதனாவைக் கூப்பிட்டுக் காலை வரியைப் படிக்கச் சொன்னார். அவள் படித்தாள். அவர் தலையாட்டினார், போய் நின்றார், கதவைத் தட்டினார், வேறொன்றைச் சொன்னார். அதுவும் ஒரு மோசமான வரி இல்லை. அதுதான் கொடுமை. ஒரேயடியாகத் திக்கித் தடுமாறியிருந்தால் யாருக்காவது சந்தேகம் வந்திருக்கும். அந்தப் பாழாய்ப்போன திறமை ஒவ்வொரு பள்ளத்திலும் ஒரு பலகையைப் போட்டு அவரைக் கடத்திவிட்டது.

நௌஷிதாதான் முதலில் பொறுமை இழந்தாள். நல்ல பெண். ஆனாலும் நனைந்த ஆளுக்கு எதிரே அரை மணிக்கும் மேலாக அழுது அழுது அவளுக்கும் அலுத்துவிட்டது. "இக்கா, கோபப்படாதீங்க. நீங்க ஒவ்வொரு தடவையும் ஒண்ணு சொன்னா நான் எதுக்குப் பதில் சொல்றது?"

"சரி மோளே. இது கடைசி" என்றார் ரஷீது. குரல் அடங்கிப் போயிருந்தது. சகீலா உட்கார்ந்திருந்த ஸ்டூலிலிருந்து எழுந்தாள். ஓடிப்போய் அவர் கையைப் பிடித்து வீட்டுக்கு இழுத்துக்கொண்டு போய்விடலாமா என்று நினைத்தாள். கால் நகரவில்லை.

மழை விழுந்தது. அவர் தட்டினார். கதவு திறந்தது. ரஷீது நௌஷிதாவைப் பார்த்தார். வாய் திறந்து மூடியது.

"எனக்குத் தெரியல மோளே" என்றார். "இதுக்கு அப்புறம் என்னன்னு தெரியல. கொஞ்ச நாளா இப்படித்தான் இருக்கு. இப்ப இருக்கிறது அடுத்த நிமிஷம் இருக்க மாட்டேங்குது. யார்கிட்டயும் சொல்லல. பயமா இருக்கு."

நௌஷிதா முகம் உடைந்துபோயிற்று. அவள் பாத்திரத்தை விடாமல், "உள்ள வாங்க அத்தா" என்று அவர் கையைப் பிடித்தாள். ரஷீது உள்ளே போகவில்லை. அங்கேயே நின்றார், கண்ணில் நீர் வழிந்தது, மழை நீரா அது என்று பிரித்துச் சொல்ல முடியவில்லை. இந்தப் படப்பிடிப்பில் கட் சொல்லுகிறவர் அவர் ஒருவர்தான். அவர் சொல்லவில்லை. அதனால் கேமரா ஓடிக்கொண்டே இருந்தது, குழாய் கொட்டிக்கொண்டே இருந்தது, ஒரு மனுஷன் எல்லோர் நடுவிலும் உதவி கேட்டு நிற்பதை அத்தனை பேரும் மூச்சைப் பிடித்துக்கொண்டு ரசித்தார்கள்.

கடைசியில் சேவியர்தான் கேமராவை நிறுத்தினான். "மதி, மதி. இது போதும் இக்கா. காலையில எடுத்தத தூக்கிப் போட்டுட்டு எல்லாத்தையும் இதுக்கு ஏத்த மாதிரி திரும்ப எடுப்போம்." கைதட்டல் எழுந்தது. காலையில் தட்டியதைவிட அதிகமாகத் தட்டினார்கள். ஸாதனா அழுதுகொண்டே எழுதினாள்.

ரஷீது ஒவ்வொருவர் முகமாகப் பார்த்தார். தன்னை யாரும் நம்பவில்லை என்பது அவருக்குப் புரிந்தது. சொல்ல வேண்டியதைச் சொல்லிவிட்டார், அதையும் நல்ல நடிப்பு என்று எடுத்துவைத்துக்கொண்டார்கள். அந்த முகத்தைப் பார்த்ததும் சகீலாவுக்குக் கால் வந்தது. கேபிள்களைத் தாண்டி, குழாய் மழைக்குள் போய் அவர் பக்கத்தில் நின்றாள்.

"தட்டாதீங்க" என்றாள். "ஸாதனா, எழுதாத. அது வசனம் இல்ல."

யாருக்கும் ஒன்றும் விளங்கவில்லை. "இத்தா?" என்றான் சேவியர்.

"அவர் சொன்னது நெசம். அவருக்கு மறந்துபோகுது. காலையில சொன்னதும் மறந்துதான் சொன்னார். இத்தன நாளா நீங்க கை தட்டுனது எல்லாமே மறதிதான். எனக்குத் தெரியும். நான் வாய மூடிட்டு இருந்தேன்."

குழாயைப் பிடித்துக்கொண்டிருந்தவன் யாரும் சொல்லாமலே அதை மூடினான். நௌஷிதா ரஷீதின் கையை விடவில்லை. இப்போது மகளாக இல்லை, நௌஷிதாவாகவே பிடித்துக்கொண்டிருந்தாள். ஸாதனா எழுதினதை என்ன செய்வதென்று தெரியாமல் மடியில் கவிழ்த்து வைத்தாள்.

சகீலாவுக்குக் கணவரைத் திரும்பிப் பார்க்கப் பயமாக இருந்தது. அவர் ஆசைப்பட்டதைத் தன் வாயாலேயே குழி தோண்டிப் புதைத்தாயிற்று. கத்துவார் என்று நினைத்தாள். எல்லோர் முன்னாலும் அவளைப் பொய்க்காரி ஆக்கிவிட்டு, ஒரு சிரிப்புச் சிரித்து, இதையும் ஒரு கதையாக மாற்றிவிடுவாரோ என்று நினைத்தாள். அவரால் அது முடியும்.

அவர் துண்டைத் தேடினார். தோளிலேயே கிடந்தது. எடுத்து முதலில் அவள் முகத்தைத் துடைத்துவிட்டார்.

"இன்னிக்கு இது போதும்டா சேவியர்" என்றார். சேவியர் சரி என்று தலையாட்டினான். படம் என்ன ஆகும் என்று அவனும் கேட்கவில்லை, அவரும் சொல்லவில்லை. பிறகு மனைவி பக்கம் குனிந்து, அவளுக்கு மட்டும் கேட்கிற மாதிரி, "நாளைக்கு ஆஸ்பத்திரிக்குப் போலாம். நீயும் டாக்டர் ரூமுக்குள்ள வரணும்" என்றார்.

"வர்றேங்க."

"வெளிய உட்காராத. அவர் கேக்குறதுக்கெல்லாம் நான் ஏதாவது அழகாச் சொல்லிடுவேன். அவரும் நம்பிடுவார்."

சகீலா அவர் கையை இறுகப் பிடித்துக்கொண்டாள்.