ஆறு நிமிடம் பின்னிழுத்தவர்

அந்த நீர்மின் நிலையத்தில் தலைமை என்ஜினியர் பதவி மூன்று தலைமுறையாக ஒரே குடும்பத்தில் இருந்தது. மூன்றாமவர் நாற்காலியில் முதுகு சாயாமல்தான் உட்காருவார். சாய்ந்தால் தாத்தாவும் அப்பாவும் சுவரிலுள்ள படங்களிலிருந்து பார்ப்பார்கள் என்ற நினைப்பு.

டர்பைன் தண்டின் அடியில் ஓயாத சுழற்சியால் வெளிறிய நீல ஒளி ஒன்று சேரும். வேலையாட்கள் அதைப் பின்னிழுப்பு என்பார்கள். நிறைய ஒன்பது வருடம் பிடிக்கும். நிறைந்தபின் கன்ட்ரோல் ரூமிலுள்ள கைப்பிடியை இழுத்தால் ஒளி முழுதும் வடிந்து, நிலையம் மொத்தமும் ஆறு நிமிடம் பின்னால் போகும். நடந்தது கைப்பிடியைப் பிடித்தவருக்கு மட்டுமே நினைவிருக்கும். தாத்தா ஒருமுறை இழுத்தார், அப்பா ஒருமுறை இழுத்தார். இரண்டும் உயிரைக் காக்க. இவர் காலத்தில் அது போன மாதம்தான் நிறைந்திருந்தது.

நான்கு வருடத்துக்கு முன் ஒரு வால்வு தவறாகத் திறக்கப்பட்டு ஃபிட்டர் ஒருவரின் கை போனது. திறக்கச் சொன்னவர் இவர். திறந்தவன் இவருடைய மகன். விசாரணையில் இவர் வாயைத் திறக்கவில்லை. பழி மகன் தலையில் விழுந்தது. அவனும் அப்பாவைக் காட்டிக் கொடுக்கவில்லை. அன்றோடு பேச்சு நின்றது.

இன்று காலை அவன் வேலை விடுவிப்புக் காகிதத்தில் கையெழுத்து வாங்கக் கன்ட்ரோல் ரூமுக்கு வந்தான். வெளியே வேன் நின்றது. மனைவி, குழந்தை, மூட்டை முடிச்சு எல்லாம் அதில்.

"இங்க ஒரு கையெழுத்து போடுங்க. திரும்ப வரமாட்டோம்."

அவர் பேனாவைத் திறந்தார். கை ஓடவில்லை. எங்கிருந்தோ அழுகை பொங்கி வந்தது.

"தப்பு என்னோடதுடா. திறக்கச் சொன்னது நான்தான். உன்னை மாட்டிவிட்டுட்டு நான் நிமிர்ந்து நடந்தேன்."

அழுதுகொண்டே அவன் கையைப் பிடித்துக்கொண்டார். மகன் அவருடைய தோளைத் தாண்டி வாசலைப் பார்த்தான். பிறகு அவரை இறுகக் கட்டிக்கொண்டான்.

"அவர் காதுபடவே சொல்லிட்டீங்களேப்பா! எனக்கு இது போதும். நாங்க போகல. ஞாயிற்றுக்கிழமை பாப்பாவைக் கூட்டிட்டு வர்றேன்."

முகம் கழுவிவிட்டு வருவதாக வெளியே போனான். அப்போதுதான் அவர் திரும்பிப் பார்த்தார். வாசலில் ஸ்டோர் கீப்பர், கையில் வாஷர் பெட்டி. கேட்டதை ஒரு எழுத்து விடாமல் ஓட்டிக்காட்டுவதால் எல்லோரும் அவரை நாடா என்பார்கள். நாடா பெட்டியைக் கொடுக்காமலே மாடிப்படியில் தடதடவென்று இறங்கினார்.

மதியத்துக்குள் நிலையம் முழுக்கப் பரவிவிடும். மூன்று தலைமுறைப் பெயர் ஒரே வேளையில் போய்விடும். மகனிடம் சொல்லலாம், கதவைச் சாத்திவிட்டு. அவ்வளவுதானே வித்தியாசம்?

கைப்பிடியை இழுத்தார். நீலம் வடிந்தது.

மகன் மறுபடியும் உள்ளே வந்தான். அவர் எழுந்து கதவைச் சாத்தினார்.

"ஞாயிற்றுக்கிழமை பாப்பாவுக்கு என்ன பிடிக்கும்?" என்றார். அவன் கட்டிக்கொண்ட சூடு இன்னும் அவர் நெஞ்சில் இருந்தது.

மகன் விழித்தான். "என்ன ஞாயிற்றுக்கிழமை? நாங்க ஊரை விட்டே போறோம்."

அவனுக்கு எதுவும் தெரியாது என்பது அப்போதுதான் உறைத்தது. அவசரமாகச் சொன்னார். அதே சொற்கள்தான். ஆனால் அழுகை முன்பே தீர்ந்துபோயிருந்தது; அறிக்கை வாசித்ததுபோல் இருந்தது.

மகன் கதவையே பார்த்தான்.

"நாலு வருஷம் எல்லார் முன்னாடியும் நான் தலை குனிஞ்சு நின்னேன். மன்னிப்பு மட்டும் கதவைச் சாத்திக்கிட்டாப்பா?" தாழ்ப்பாளை விலக்கிக் கதவைத் திறந்தான். வெளியே நாடா பெட்டியோடு நின்றார். "இவர் முன்னாடி சொல்லுங்க. ஒரே ஒரு தடவை. நான் மூட்டையை இறக்கிடறேன்."

இத்தனை சுலபமாக ஒரு மகனைத் திரும்பப் பெறும் வாய்ப்பு எந்தத் தகப்பனுக்கும் கிடைக்காது. இவருக்கு இரண்டு தடவை கிடைத்தது. முதுகு மட்டும் வளையவில்லை. அவன் நீட்டிய காகிதத்தில் கையெழுத்துப் போட்டார்.

"நல்லா இருங்கப்பா" என்று சொல்லிவிட்டு இறங்கினான். வேன் கிளம்பும் சத்தம் கேட்டது.

நாடா உள்ளே வந்து நீல ஒளியின் அளவுமானியைப் பார்த்துப் பதறினார். "ஐயா, முள்ளு பூஜ்யத்துல நிக்குது! யார் உயிரு போயிப் பொழைச்சுது?"

"எவன் உயிரும் போகல." அவர் நாற்காலியில் சாய்ந்தார். "வால்வைத் திறக்கச் சொன்னது நான்தான்யா. அவன் இல்ல. போய் எல்லார்கிட்டயும் சொல்லு. கேட் வரைக்கும் ஓடு, வேனை நிறுத்திச் சொல்லு."

நாடா பெட்டியை மேசைமேல் வைத்தார். கண் கலங்கியிருந்தது.

"பெத்த பாசத்துல பழியைத் தூக்கி உங்க தலையில போட்டுக்கிறீங்க. எனக்குப் புரியாதாய்யா? என் வாயில வராது, போங்க."

அவர் ஜன்னலுக்கு ஓடினார். கேட் ஏற்கெனவே சாத்தியிருந்தது.