இறால் மணத்த தொதல்

கீழக்கரையில் கல்யாணமானால் மாப்பிள்ளை பெண் வீட்டோடு வந்து இருப்பதுதான் வழக்கம். எங்கள் மாப்பிள்ளை பர்வேஸும் வந்தார், இருந்தார், சாப்பிடத்தான் மாட்டேன் என்றார். டைனிங் டேபிளில் எனக்கு எதிரே உட்கார்ந்து ஒரு இடியாப்பத்தைக் கொறித்துவிட்டு, "போதும் மாமா" என்று எழுந்துவிடுவார். அப்புறம் பைக்கை எடுத்துக்கொண்டு அவர் உம்மா வீட்டுக்குப் போய் வயிறு நிறையச் சாப்பிடுவார். தெருவே சிரித்தது. என் மகள் லாமியா முகத்தைத் தொங்கப்போட்டுக்கொண்டு திரிந்தாள்.

துபாயில் ஒரு ஹோட்டலில் ஸ்டோர் கீப்பராக இருந்தவன் நான். அடுப்பைத் தொட்டதில்லை, சமையலைப் பற்றிப் பேசுவதில் என்னை மிஞ்ச ஆளில்லை. அங்கிருந்து வாங்கி வந்த ஃபாண்டூ செட்டைப் பரணிலிருந்து இறக்கினேன். நடுவில் சட்டி, அடியில் குட்டி ஸ்பிரிட் அடுப்பு, நீளமான முள்கரண்டிகள். எல்லாரும் ஒரே சட்டியில் முக்கித் தின்றால் கூச்சம் பறந்துவிடும் என்பது என் கண்டுபிடிப்பு.

"ஒரே சஹன்ல கை வச்சுத் திங்கிற ஊருக்கு இது எதுக்குங்க?" என்றாள் மனைவி குல்சும். அந்தப் பெரிய தட்டை ஒழித்துவிட்டு ஆளுக்கொரு பீங்கான் தட்டு என்று சட்டம் போட்டவனும் நானே.

"ஒனக்கு என்ன தெரியும்?" என்றேன். உங்களுக்கு என்ன தெரியும் என்று அவள் திருப்பிக் கேட்கவில்லை. நல்ல மனுஷி.

முதலில் காரம்: ஆணம் என்று நாங்கள் சொல்லும் குழம்பு, இறால் போட்டுக் கெட்டியாக, அதில் முக்கப் பரோட்டாத் துண்டு. மாப்பிள்ளை முக்கின துண்டெல்லாம் சட்டியிலேயே தங்கிவிட்டது. எப்படி என்று காட்டப் போன என் துண்டும் முழுகியது. "சூப்பர் மாமா" என்று வெறும் கரண்டியை நக்கினார், பாவம்.

அடுத்து இனிப்பு. அல்வா மாதிரி எங்கள் ஊரில் கிண்டும் கருப்பட்டித் தொதலைத் தேங்காய்ப்பால் விட்டு அதே சட்டியில் உருக்கினேன். சட்டியைக் கழுவவில்லை, துணியால் துடைத்தேன். ஹோட்டல்காரனுக்கு அது போதாதா? வாழைப்பழத்தை முக்கி மாப்பிள்ளைக்கு நானே ஊட்டிவிட்டேன். அவர் முகம் போன போக்கைப் பார்த்து நானும் ஒரு வாய் வைத்தேன். கருப்பட்டிப் பாகில் இறால் நீந்தியது.

"துப்புங்க மாப்ள, துப்புங்க!"

மரியாதைக்காக விழுங்கிவிட்டார். லாமியாவுக்குச் சிரிப்பு பீறிட்டது. அவரும் கண்ணில் நீர் வரச் சிரித்தார். பிறகு கரண்டியை வைத்துவிட்டு, கையைக் கழுவிக்கொண்டு வந்து, தரையில் சம்மணம் போட்டு உட்கார்ந்தார்.

"மாமி, சோறு இருக்கா? பசி தாங்கல."

குல்சும் சஹன் நிறையச் சோற்றைக் கொண்டுவந்து வைத்தாள். நான் எங்கே உட்காருவது என்று தெரியாமல் சட்டியோடு நின்றேன்.

"அத வச்சுட்டு வாங்க மாமா, நீங்களும் கை வைங்க" என்று நகர்ந்து இடம் விட்டார்.

அன்று பைக் வாசலை விட்டு நகரவில்லை.