வீடியோவில் விஜிதரன்

முதலில் ஆடுவது எந்தக் கை என்று டாக்டர் கேட்டார்.

எனக்குத் தெரியவில்லை. அண்ணன் விஜிதரன் விழும்போதெல்லாம் நான் பக்கத்தில்தான் இருந்திருக்கிறேன். ஆனால் அவனுக்கும் எனக்கும் நடுவில் எங்கள் லயத்து வரிசை வீடுகளில் பாதிப் பேர் நிற்பார்கள். நான் பார்த்ததெல்லாம் முதுகுகள்.

நுவரெலியா ஆஸ்பத்திரியில் மூளையின் மின்பதிவு எடுத்திருந்தார்கள். அதில் ஒன்றும் இல்லை. அதனால் வியாதி இல்லை என்று ஆகாது, கீழே விழுகிற எல்லோருக்கும் வலிப்பு என்றும் ஆகாது என்று டாக்டர் சிங்களத்தில் பொறுமையாகச் சொன்னார். இதயத்தால் விழுகிறவர்கள் உண்டு. மனத்தால் விழுகிறவர்கள் உண்டு. வைத்தியம் வேறு வேறு. அடுத்த கிளினிக்குக்குப் போனில் வீடியோ எடுத்து வரச் சொன்னார்.

அண்ணனுக்கு அவசரம். ராகலைக்கு மேலே எங்கள் தேயிலைத் தோட்டத்து பேக்டரியில் அவன் இலை உருட்டும் மெஷினில் இருந்தவன். ஒருநாள் மெஷினுக்குப் பக்கத்திலேயே விழுந்துவிட்டான். டாக்டர் கடிதம் வந்தால்தான் உள்ளே வேலை என்று பேக்டரிக்குப் பொறுப்பான டீமேக்கர் சொல்லிவிட்டார். அதுவரை மழைத்தண்ணீர் ஓட மலையில் கான் வெட்டச் சொல்லி அனுப்பினார்கள். சரிவில் மண்வெட்டியோடு நிற்பதுதான் பாதுகாப்பு என்று யார் முடிவு செய்தார்களோ தெரியாது.

முதல் வீடியோ, எல்லோரும் தண்ணீர் பிடிக்கும் பீலிக்கரையில் எடுத்தது. அடுத்த வீட்டு அழகம்மா அத்தையின் முதுகு அதில் தெளிவாக இருக்கிறது. இரும்புச் சாவியை வலது கையில் வைப்பதா, இடது கையில் வைப்பதா என்ற வாக்குவாதமும் தெளிவாகக் கேட்கிறது. கைக்கடிகாரம் கட்டிய ஒரு கை கரண்டியோடு கூட்டத்துக்குள் போகிறது. டாக்டர் முழுவதையும் பார்த்தார். நோயாளி எங்கே என்று கேட்டார். ஓரத்தில் தெரிந்த ஒற்றைச் செருப்பைக் காட்டினேன்.

நான் படித்தது விலங்கியல். வலிப்பின் வரலாற்றைப் பற்றி அதில் கொஞ்சம் வந்தது. இது சாமி கோபமல்ல, மூளையில் வருவது என்று கிரேக்க வைத்தியர்கள் இரண்டாயிரம் வருடங்களுக்கு முன்பே எழுதிவிட்டார்கள். எங்கள் லயத்துக்கு வர அந்தச் செய்திக்கு இன்னும் பஸ் கிடைக்கவில்லை. அதற்கும் முன்னால் பாபிலோனில், கழுத்து எந்தப் பக்கம் திரும்பியது, கண் எப்படி இருந்தது என்றெல்லாம் களிமண் பலகையில் குறித்து வைத்தார்கள். காரணம் பேய் என்றுதான் நம்பினார்கள். ஆனாலும் பார்த்திருக்கிறார்கள்.

சாவி வேண்டாம், வாயில் எதுவும் வைக்க வேண்டாம், ஒருக்களித்துப் படுக்கவைத்தால் போதும் என்று அத்தையிடம் சொன்னேன். என் குரல் மெல்லியது; நான் பேசினால் பொதுவாக இரண்டாம் தடவைதான் கேட்கும். இரண்டாம் தடவையும் சொன்னேன்.

"படிச்ச புள்ள சொன்னா சரியாத்தான் இருக்கும்" என்றார் அத்தை. "ஆனா சாவி இல்லாம அவன் எப்புடி எந்திரிப்பான்?"

"அது இல்லாட்டியும் எந்திரிச்சிருவான் அத்தை."

"அத யாரு பாத்தா?"

சாவி வைக்காமல் இதுவரை யாரும் பார்த்ததில்லை.

காரியம் நடந்தது அம்மாவால். நுவரெலியா டாக்டர் வீடியோவில் எல்லோரையும் பார்த்தார் என்று காலையில் வேலைக்குப் பெயர் கொடுக்கும் பெரட்டில் சொல்லிவிட்டார். மாலைக்குள் அத்தை வந்து, அன்றைக்குத் தான் கிழிந்த சட்டை போட்டிருந்ததை டாக்டர் கவனித்தாரா என்று விசாரித்தார். கோயில் தலைவர் சிவசாமி மாமாவும் வந்தார். லயத்தில் கைக்கடிகாரம் கட்டுகிறவர் அவர் மட்டும்தான். வீடியோவைப் போடச் சொல்லி, போனைக் கண்ணுக்குப் பக்கத்தில் வைத்துப் பார்த்தார்.

"இது என்னோட கை மாதிரி தெரியலயே" என்றார்.

"டாக்டருக்கு யாரு கைன்னு தெரியாதுங்க மாமா. ஆனா கரண்டி வச்சா பல்லு ஒடைஞ்சி மூச்சுக்கொழாய்க்குள்ள போயிரும்னு சொன்னாரு."

மாமா போனைத் திருப்பித் தந்துவிட்டுப் போனார்.

அண்ணன் அடுத்து விழுந்தது ஒரு ஞாயிற்றுக்கிழமை, வாசலில். வழக்கம்போல எல்லோரும் ஓடி வந்தார்கள். யாரோ "வீடியோ" என்றதும் அப்படியே பின்வாங்கினார்கள். மாமா வேட்டியைச் சரிசெய்தார். ஒருவர் பக்கத்திலிருந்த ஸ்டூலை நகர்த்தினார். இன்னொருவர் மடித்த சாக்கை அவன் தலைக்கடியில் தள்ளிவிட்டு உடனே விலகினார். அத்தை நல்ல சேலையில் இருந்தார்.

அவனை அப்போதுதான் பார்த்தேன். தலை இடது பக்கம் திரும்பியது. இடது கை விரல்கள், பிறகு வாயின் இடது ஓரம், பிறகு உடம்பு முழுவதும். கண் திறந்திருந்தது. அவன் யாரையும் பார்க்கவில்லை. போனை இரண்டு கைகளாலும் பிடித்துக்கொண்டேன்.

வீடியோவில் என் குரலைத் தவிர இன்னொரு குரல் மட்டும் கேட்கும். அது அத்தையுடையது.

"புள்ளைய இப்ப தொடலாமா?"

"இன்னும் இல்ல அத்தை."

கொஞ்ச நேரம் கழித்து மறுபடியும் அதே கேள்வி. ஆட்டம் நின்றதும் தொடலாம் என்றேன். மாமாதான் அவனை ஒருக்களித்துப் படுக்கவைத்தார். கொஞ்ச நேரத்தில் அவன் எழுந்து தண்ணீர் கேட்டான். அத்தை சாவியை இடுப்பில் செருகிக்கொண்டு தண்ணீர் எடுக்கப் போனார்.

டாக்டர் வீடியோவை நிறுத்தி நிறுத்திப் பார்த்தார். வலிப்புதான், மூளையின் வலது பக்கத்தில் தொடங்குகிறது என்றார். மாத்திரை எழுதினார். கண்டியில் ஸ்கேன் எடுக்கத் திகதி வாங்கச் சொன்னார். கடிதமும் கொடுத்தார். வலிப்பு வராமல் ஒரு வருடம் போகும்வரை மெஷின் கூடாது. சரிவிலும் வேலை கூடாது.

ராகலை பஸ்ஸில் அண்ணன் கடிதத்தைப் படித்து முடித்துவிட்டு, வீடியோவைக் கேட்டான். அதுவரை அவன் அதைப் பார்க்கவில்லை. காட்ட வேண்டாம் என்று நினைத்திருந்தேன். கொடுத்தேன்.

"எல்லாரும் சும்மா நிக்கிறாங்களே" என்றான்.

"அப்புடித்தான் நிக்கணும்."

"ஒருத்தர்கூட கிட்ட வரல."

"வராம இருக்கிறதுக்குத்தான் எல்லாரும் கஷ்டப்பட்டாங்க."

அவன் மறுபடியும் முதலிலிருந்து பார்த்தான். பஸ் வளைவுகளில் திரும்பியபோதும் கண்ணை எடுக்கவில்லை. இறங்கும்போது, டீமேக்கரிடம் கடிதத்தை மட்டும் கொடுத்தால் போதாது, இதையும் காட்ட வேண்டும் என்றான்.

மறுநாள் நானும் கூடப் போனேன். நான் பேச வேண்டியிருக்கவில்லை. டீமேக்கர் கடிதத்தைப் படித்தார். பிறகு போனை வாங்கி, நின்றபடியே வீடியோவைப் பார்த்தார். முடிந்ததும், இவ்வளவுதானா என்று கேட்டார்.

"இவ்வளவுதாங்கய்யா" என்றான் அண்ணன்.

கொழுந்து வாட்டும் இடத்தில் இலை பரப்பும் வேலை இருக்கிறது, அங்கே மெஷின் பக்கம் போக வேண்டியதில்லை, நாளையிலிருந்து வரலாம் என்றார் டீமேக்கர். போனைத் திருப்பித் தரும்போது அவர் குரல் கொஞ்சம் இறங்கியது.

"அங்க விழுந்தா நாங்க என்னா செய்யணும்?"

"கொழுந்துல மொகம் பொதைஞ்சிட்டா மட்டும் திருப்பி விடுங்கய்யா" என்றான் அண்ணன். "மத்தபடி நானே எந்திரிச்சிருவேன்."